வெண்கல உருளியில் ஃபவுண்டன்: ராத்திரி முழுக்க ‘ங்ங்ங்’ சத்தம், அப்பாவுக்குத் தூக்கம் இல்லை

அரசலாற்றங்கரை
செவ்வாய், இரவு 10:52

எல்லோருக்கும் வணக்கம். கும்பகோணத்தை ஒட்டி எங்கள் வீடு, பழைய ஓட்டு வீடு. பாட்டி காலத்து வெண்கல உருளி ஒன்று பரணில் கிடந்தது. போன வருடம் வைகாசியில் அதை இறக்கி, புளி போட்டுத் தேய்த்து, முற்றத்தில் கருங்கல் மேடை மேல் வைத்து ஒரு சின்ன ஃபவுண்டன் செய்தேன். உள்ளே 18 வாட் பம்ப், மீன் தொட்டியில் போடுவார்களே, அந்த மாதிரி. அதிலிருந்து ஒரு டியூப் மேலே போய், மூங்கில் குழாய் வழியாகக் கூழாங்கல் மேல் தண்ணீர் விழும்.

ஒரு வருடம் சத்தமே இல்லை. இப்போது மூன்று வாரமாக ‘ங்ங்ங்’ என்று ஓயாத ரீங்காரம். நடுநடுவே ‘கடகட’. அப்பா கூடத்தில்தான் படுப்பார். முற்றத்துக்கும் அவர் கட்டிலுக்கும் பத்தடிகூட இல்லை. “மாவு மில்லுக்குள்ள படுத்த மாதிரி இருக்குடா” என்கிறார். தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டால் ராத்திரி நாலு தடவை எழுந்து கொல்லைப்பக்கம் போக வேண்டியிருக்கிறதாம், அது தனி வழக்கு. அணைத்துவிடலாம் என்றால் அம்மா விடுவதில்லை. வீட்டில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தால் நல்லதாம்.

தண்ணீர் நிரப்பிப் பார்த்தேன், பம்பை நகர்த்திப் பார்த்தேன். நகர்த்தினால் கொஞ்ச நேரம் அடங்கும், அப்புறம் பழைய குருடி கதவைத் திறடி. வேறு என்ன பார்க்கலாம்?

குடமுருட்டி
செவ்வாய், இரவு 11:10

ஒரு வருடத்துக்கு மேல் ஓடியதே அதிகம். புதுசு வாங்கிப் போட்டுவிட்டுத் தூங்குங்கள்.

வெண்ணாறு
செவ்வாய், இரவு 11:31

வாங்குவதற்கு முன் இரண்டு சொட்டு தேங்காய் எண்ணெய் விட்டுப் பாருங்கள். எங்கள் வீட்டு டேபிள் ஃபேன் இப்படித்தான் கத்திக்கொண்டிருந்தது, எண்ணெய் விட்டதும் வாயை மூடிக்கொண்டது.

மோட்டார் மன்னை
புதன், காலை 6:05

வெண்ணாறு தம்பி, கோபித்துக்கொள்ளாதீர்கள், எண்ணெய் மட்டும் வேண்டாம். ஃபேனில் இருப்பது புஷ், அதாவது அச்சைத் தாங்குகிற வளையம், அதற்கு எண்ணெய் வேண்டும். இந்த மாதிரி பம்பில் காயில், அதாவது கம்பிச் சுருள், முழுவதையும் பிசின் ஊற்றி அடைத்திருப்பார்கள். தனியாக ஒரு குழிக்குள் காந்த உருளையும் அதன் தலையில் தண்ணீரைத் தள்ளுகிற இறக்கைச் சக்கரமான இம்பெல்லரும் மட்டும் சுற்றும். அந்தக் குழிக்குள் தண்ணீர் போகும், போகத்தான் வேண்டும். அதற்கு மசகும் தண்ணீர்தான், சூட்டைத் தணிப்பதும் தண்ணீர்தான். எண்ணெய் விட்டால் உருளி முழுக்க ஏடு கட்டும், தூசி ஒட்டும், ரப்பர் உப்பிவிடும்.

அரசலாறு சார், மன்னார்குடியில் காயில் கட்டுகிற கடை வைத்திருக்கிறேன், அந்த உரிமையில் கேட்கிறேன். நீங்கள் சொல்வது ஒரு சத்தம் இல்லை, இரண்டு. கடகட என்பது பம்புக்குள்ளிருந்து வருவது. ங்ங்ங் என்பது பம்பிலிருந்தும் வரலாம், பம்ப் தொட்டுக்கொண்டிருக்கிற எதிலிருந்தும் வரலாம். மூன்றாவதாக ‘களக் களக்’ என்று விக்கல் மாதிரி ஒன்று உண்டா என்று கவனியுங்கள், அது காற்றை இழுக்கிற சத்தம், தண்ணீர் குறைந்தால் வரும். உருளி அகலமான பாத்திரம். ஆடிக் காற்றுக்கு ஒரு நாளில் எவ்வளவு இறங்குகிறது என்று விளிம்பில் கோடு போட்டுப் பாருங்கள், ஆச்சரியப்படுவீர்கள்.

சத்தம் வரும்போது ஈரமில்லாத உள்ளங்கையை உருளியின் வெளி விளிம்பில் அழுத்தினால் சத்தம் மாறுகிறதா? எல்லா நாளும் ஒரே அளவா, சில நாள் மட்டும் அதிகமா? தண்ணீர் போரா, கார்ப்பரேஷனா? இந்த மூன்றுக்கும் பதில் சொல்லுங்கள்.

கையை வைக்கிறதற்கு முன் ஒயரை ஒரு பார்வை பாருங்கள். பாத்திரம் உலோகம். ஒயர் தோல் எங்காவது எலி கடித்திருந்தால் உருளி முழுக்க கரண்ட் பாயும். முற்றத்தில் வெறுங்காலோடு ஈரத்தில் நிற்பீர்கள். வீட்டில் 30 மில்லி ஆம்பியர் ஆர்சிசிபி (கரண்ட் கசிந்தால் தானாக விழுந்து லைனைத் துண்டிக்கிற ஸ்விட்ச்) இல்லையென்றால் முதல் செலவு அதற்குத்தான், பம்புக்கு இல்லை. தண்ணீருக்குள் கை விடுகிறபோது ஸ்விட்சை அணைப்பது போதாது, பிளக்கையே பிடுங்கிவிடுங்கள்.

அரசலாற்றங்கரை
புதன், இரவு 9:20

மன்னை அண்ணா, ரொம்ப நன்றி. ஒயர் நன்றாக இருக்கிறது. ஆர்சிசிபி இருக்கிறது, அதன் டெஸ்ட் பட்டனை அழுத்தினேன், விழுந்தது.

உள்ளங்கை வைத்தேன். நிஜமாகவே ங்ங்ங் பாதியாகக் குறைகிறது. கையை எடுத்தால் திரும்ப வருகிறது. தண்ணீர் போர் தண்ணீர். விக்கல் சத்தம் இருக்கிறது, ஆனால் எப்போதாவது.

எல்லா நாளும் ஒரே அளவா என்று கேட்டீர்கள். அப்பாவிடம் கேட்டேன். தூக்கம் போனவருக்குத்தானே கணக்கு தெரியும். வெள்ளி ராத்திரியும் சனிக்கிழமையும்தான் மோசம் என்கிறார். பம்புக்குக் கிழமை எப்படித் தெரியும்?

ஓட்டுவீட்டு அக்கா
புதன், இரவு 9:41

பம்புக்குத் தெரியாது தம்பி, உங்கள் அம்மாவுக்குத் தெரியும். வெள்ளிக்கிழமை உருளியில் பூ மிதக்க விடுவார்கள், சரியா?

அரசலாற்றங்கரை
புதன், இரவு 9:48

அட ஆமாம்! அரளி, செம்பருத்தி, ரோஜா இதழ் எல்லாம் போடுவார்கள். சனிக்கிழமை சாயங்காலம்தான் எடுப்பார்கள்.

ஓட்டுவீட்டு அக்கா
புதன், இரவு 10:02

நான் திருவையாறு. எங்கள் வீட்டிலும் இதே கதைதான். இதழ் மேலே மிதக்கும்வரை வம்பில்லை. ஊறினதும் கீழே இறங்கி, பம்பின் வாயில் போய் ஒட்டிக்கொள்ளும். வாய் அடைபட்டால் பம்புக்குத் தண்ணீர் போதாமல் திணறும். நான் பழைய கொசுவலைத் துணியில் ஒரு பை தைத்து அதற்குள் பம்பைப் போட்டுவிட்டேன். பையை வாயோடு ஒட்டித் தைக்காமல் தொளதொளவென்று பெரிதாகத் தைக்க வேண்டும், இல்லையென்றால் பையே அடைத்துக்கொள்ளும். அம்மாவைப் பூ போட வேண்டாம் என்று சொல்லிப் பார்க்கலாம், ஆனால் பை தைப்பது சுலபம்.

மோட்டார் மன்னை
வியாழன், காலை 5:50

அக்கா பிடித்துவிட்டார்கள். கிழமையை வைத்து மோட்டார் கோளாறு கண்டுபிடித்ததை இப்போதுதான் பார்க்கிறேன்.

சரி, இனி பம்பைத் திறந்துவிடுங்கள். முன்மூடியைத் திருகி எடுத்தால் இம்பெல்லர் தெரியும். அதைப் பிடித்து இழுத்தால் காந்தத்தோடு வெளியே வரும். காந்தம் பிடித்து இழுக்கும், பயப்பட வேண்டாம். நடுவில் வெள்ளையாக ஒரு கம்பி இருக்கும், பீங்கான். கீழே விழுந்தால் இரண்டாகிவிடும், மடியில் துண்டு விரித்துக்கொண்டு வேலை பாருங்கள். சில மாடலில் காந்தத்தைப் பிடித்துக்கொண்டு இம்பெல்லரைத் திருப்பினால் கொஞ்ச தூரம் தளர்வாக ஆடும். அது பழுதில்லை. கிளம்புவதற்கு அந்த ஆட்டம் தேவை.

அரசலாற்றங்கரை
வியாழன், இரவு 8:15

திறந்தேன். பார்த்ததை அப்படியே எழுதுகிறேன்.

வாய்ச் சல்லடையில் பாதி ஓட்டையை ஊறிப்போன ரோஜா இதழ் பழுப்புத் தோல் மாதிரி மூடியிருந்தது. முன்மூடிக்குள் ஒரு அரளிக் காம்பு. இம்பெல்லரின் கழுத்தில் நீளமாக ஒரு தலைமுடி, நூற்கண்டு மாதிரி இறுக்கிச் சுற்றியிருந்தது. யாருடையது என்று வீட்டில் இன்னும் விசாரணை நடக்கிறது. அதை பிளேடால் அறுத்துத்தான் எடுக்க முடிந்தது. காந்த உருளையின் மேல் முழுக்க வெள்ளையாக, நகத்தால் சுரண்டினால் மாவாக உதிர்கிற பொருக்கு. குழியின் உள்சுவரிலும் அதே. காந்தத்தைத் திரும்ப உள்ளே விட்டால் வழவழவென்று இறங்காமல் நறநறவென்று உரசிக்கொண்டு இறங்குகிறது. பீங்கான் கம்பி முழுசாக இருக்கிறது.

அந்த வெள்ளைப் பொருக்கை எதை வைத்து எடுப்பது? பாத்ரூம் கழுவுகிற ஆசிட் வீட்டில் இருக்கிறது.

கடைமடை
வியாழன், இரவு 8:33

ஆசிட்டைக் கீழே வையுங்கள்! அது ஹைட்ரோகுளோரிக். பொருக்கைத் தின்றுவிட்டுக் காந்தத்தையும் தின்னும், உங்கள் மூக்கையும் விடாது.

நான் வேதாரண்யம் பக்கம். உப்புத் தண்ணீரில் பம்ப் ஓட்டுவது எப்படி என்று எங்களிடம்தான் கேட்க வேண்டும். உங்கள் போர் தண்ணீரில் இருப்பது சுண்ணாம்புப் பொருக்கு, டீ போடுகிற பாத்திரத்தின் அடியில் படியுமே, அதேதான். மளிகைக் கடையில் எலுமிச்சை உப்பு என்று கேளுங்கள், சிட்ரிக் ஆசிட் தருவார்கள். ஒரு பிளாஸ்டிக் மக்கில் வெதுவெதுப்பான தண்ணீர், இரண்டு ஸ்பூன் எலுமிச்சை உப்பு. கழற்றிய பாகங்களை ஒரு மணி நேரம் ஊறப் போடுங்கள். நுரைத்து வரும். பிறகு பழைய டூத் பிரஷ். குழிக்குள் காது குடைகிற பஞ்சுக் குச்சி. வினிகர் இருந்தாலும் சரி, கொஞ்சம் மெதுவாக வேலை செய்யும்.

இதை உருளிக்குள் வைத்துச் செய்துவிடாதீர்கள். புளிப்பு வெண்கலத்தில் நின்றால் செம்பு கரையும், பச்சை பிடிக்கும். புளி போட்டுத் தேய்த்ததும் உடனே கழுவுகிறோமே, ஏன்?

எங்கள் ஊரில் சுண்ணாம்போடு கடல் உப்பும் சேர்ந்து வருகிறது, நான் மாதம் ஒரு தடவை கழற்றுகிறேன். உங்களுக்கு இரண்டு மூன்று மாதத்துக்கு ஒரு தடவை போதும். மழைத் தண்ணீர் பிடித்து ஊற்ற முடிந்தால் பொருக்கே வராது.

அரசலாற்றங்கரை
வெள்ளி, காலை 7:30

எலுமிச்சை உப்பு வேலை செய்துவிட்டது. காந்தம் இப்போது கறுப்பாகப் பளபளக்கிறது, குழிக்குள் தானாக வழுக்கிக்கொண்டு இறங்குகிறது. மாட்டி ஓட்டினேன். கடகட சுத்தமாகப் போய்விட்டது. அக்கா சொன்ன கொசுவலைப் பையும் தைத்தாயிற்று.

ஆனால் ங்ங்ங் இருக்கிறது. குறைந்திருக்கிறது, போகவில்லை. அப்பா “மாவு மில் போய் வண்டு வந்துடுச்சு” என்கிறார்.

வெண்ணாறு
வெள்ளி, காலை 8:02

வோல்டேஜ் குறைவாக இருக்குமோ? எங்கள் தெருவில் சாயங்காலம் 180க்கு இறங்கிவிடும். மோட்டார் மெதுவாகச் சுற்றி முனகும்.

மோட்டார் மன்னை
வெள்ளி, காலை 8:40

இந்த மோட்டாரில் அது நடக்காது தம்பி. இது சிங்க்ரோனஸ். கரண்ட் எத்தனை ஹெர்ட்ஸோ அந்தக் கணக்குக்குத்தான் சுற்றும். நம்முடையது 50 ஹெர்ட்ஸ். இரண்டு துருவக் காந்தம் என்றால் நிமிடத்துக்கு 3000 சுற்று. வோல்டேஜ் குறைந்தால் வலு குறையும், வேகம் குறையாது. ரொம்பக் குறைந்தால் கிளம்ப முடியாமல் நின்ற இடத்திலேயே நடுங்கும், அவ்வளவுதான்.

அரசலாறு சார், உள்ளங்கை வைத்தால் பாதியாகிறது என்றீர்கள் பாருங்கள், அதற்கு இப்போது வருவோம். எந்த ஏசி மோட்டாரும் உள்ளே லேசாகத் துடித்துக்கொண்டேதான் இருக்கும். பிளாஸ்டிக் டப்பில் வைத்தால் காதுக்கே வராது. நீங்கள் வைத்திருப்பது எதில்? வெண்கலத்தில். கோயில் மணி வார்க்கிற உலோகம் அதுதான், செம்பு ஏறக்குறைய நாலு பங்கு, வெள்ளீயம் ஒரு பங்கு. தட்டினால் கார்வை அடங்காமல் நிற்க வேண்டும் என்பதற்காகவே அந்தக் கலவை. அதற்குள் நிமிடத்துக்கு 3000 தடவை சுற்றுகிற ஒன்றைத் தரையோடு ஒட்டி வைத்திருக்கிறீர்கள். வெண்கலக் கடையில் யானை புகுந்த கதைதான், உங்கள் யானை 18 வாட்.

ஒரு சோதனை. பிளக்கைப் பிடுங்கிவிட்டு, பம்பை ஒரு சணல் கயிற்றில் கட்டி, மேலே ஒரு கட்டையில் தொங்கவிடுங்கள். தண்ணீருக்குள் முழுக்க மூழ்கியிருக்க வேண்டும், அடியையும் பக்கத்தையும் தொடக் கூடாது. கையை எடுத்துவிட்டு பிளக் போடுங்கள்.

அரசலாற்றங்கரை
வெள்ளி, இரவு 7:55

தொங்கவிட்டேன். சத்தம் இல்லை. தண்ணீர் விழுகிற ஓசை மட்டும். அப்பா எழுந்து வந்து “நின்னுபோச்சா?” என்று பார்த்துவிட்டுப் போனார்.

பம்பின் அடியில் நாலு ரப்பர் கால் இருந்தது. இப்போதுதான் தொட்டுப் பார்க்கிறேன், கல் மாதிரி இறுகிவிட்டது. ஒன்று காணவே இல்லை. ஒரு வருடம் சத்தம் வராததற்கும் இப்போது வருவதற்கும் காரணம் இதுதான் என்று நினைக்கிறேன்.

நிரந்தரமாகத் தொங்கவிட முடியாது, பார்க்க நன்றாக இல்லை. அடியில் என்ன வைக்கலாம்?

குடமுருட்டி
வெள்ளி, இரவு 8:10

பழைய ஹவாய் செருப்பை வெட்டி வையுங்கள். அதைவிட நல்ல ரப்பர் கிடையாது.

அரசலாற்றங்கரை
வெள்ளி, இரவு 8:26

அம்மாவிடம் வாய் தவறிச் சொல்லிவிட்டேன். பாட்டியின் உருளிக்குள், வெள்ளிக்கிழமை அதுவுமாக, செருப்பா என்று ஆரம்பித்தது இன்னும் ஓயவில்லை. ங்ங்ங் சத்தமே பரவாயில்லை.

ஓட்டுவீட்டு அக்கா
வெள்ளி, இரவு 8:40

குடமுருட்டி சாருக்கு வேறு வேலை இல்லை. பாத்திரம் தேய்க்கிற ஸ்பாஞ்ச் புதுசாக ஒன்று வாங்கி, பச்சைப் பக்கத்தை உரித்துவிட்டு, மஞ்சள் பகுதியை இரண்டு அடுக்காக வையுங்கள். அல்லது புது சைக்கிள் டியூப் துண்டு.

உருளிக்கு அடியிலும் ஏதாவது வேண்டும். கருங்கல் மேல் நேராக வைத்திருக்கிறீர்கள், கல்லும் வெண்கலமும் சேர்ந்து அதிரும். நம் வீடுகளில் பானையைத் தரையில் வைப்பார்களா? பிரிமணை மேல்தானே வைப்பார்கள். அதே போதும்.

கடைமடை
வெள்ளி, இரவு 9:05

பிரிமணை அருமையான யோசனை. ஆனால் வைக்கோல் பிரிமணை தெறிக்கிற ஈரத்தில் பத்து நாளில் மக்கிப் போகும். தேங்காய் நார்க் கயிற்றைச் சுற்றி வைத்துக்கொள்ளுங்கள். நார் நனைந்தாலும் தாங்கும்.

டியூப்பையும் பாருங்கள். மொடமொடவென்று இறுகிய டியூப் உருளி விளிம்பைத் தொட்டால் அதிர்வு அதன் வழியாகவும் ஏறும். புதுசாக சிலிக்கான் டியூப் போட்டுவிடுங்கள், மெத்தென்று வளையும்.

அரசலாற்றங்கரை
சனி, இரவு 9:30

பம்புக்கு அடியில் ஸ்பாஞ்ச், உருளிக்கு அடியில் கயிற்றுப் பிரிமணை, புது டியூப். முற்றத்தில் நின்றால் மூங்கிலிலிருந்து தண்ணீர் விழுவது மட்டும் கேட்கிறது. அதையும் குறைக்க, விழுகிற இடத்தில் கூழாங்கல்லைச் சாய்த்து வைத்தேன். நேராகக் குட்டைக்குள் விழுந்தால் தொபதொப, கல்லில் பட்டு வழிந்தால் சத்தமே இல்லை. அப்பாவின் கொல்லைப்பக்கப் பயணம் நாலிலிருந்து இரண்டு. எல்லோருக்கும் நன்றி. இழையை முடித்துக்கொள்ளலாம்.

அரசலாற்றங்கரை
ஞாயிறு, அதிகாலை 2:20

முடிக்க வேண்டாம். ங்ங்ங் திரும்ப வந்துவிட்டது, முன்பைவிட மோசமாக. அப்பா எழுப்பிவிட்டு என் தலைமாட்டில் உட்கார்ந்திருக்கிறார். எதையும் யாரும் தொடவில்லை. ஸ்பாஞ்ச், கயிறு எல்லாம் அப்படியே இருக்கிறது.

மோட்டார் மன்னை
ஞாயிறு, காலை 6:15

இரண்டு மணிக்கு உங்கள் பக்கம் கரண்ட் இருந்ததா?

அரசலாற்றங்கரை
ஞாயிறு, காலை 6:50

ஃபேன் ஓடியது. பொறுங்கள்... தெரு விளக்கு எரியவில்லை. அப்பாவிடம் கேட்டேன், மூன்று மணி வாக்கில் சத்தம் திடீரென்று நின்றதாம். இன்வெர்ட்டர்!

மோட்டார் மன்னை
ஞாயிறு, காலை 7:20

அதேதான். உங்களுடையது பழைய மாடல், சதுர அலை இன்வெர்ட்டராக இருக்கும். ஈபி கரண்ட் அலை அலையாக வளைந்து வரும், இது படிக்கட்டு மாதிரி வெட்டி வெட்டி வரும். அதில் ஓடினால் ஃபேன் உறுமும், டியூப் லைட் சோக் பாடும், பம்ப் காயிலும் அப்படியே கத்தும். சைன் வேவ் இன்வெர்ட்டரில் இந்தத் தொல்லை இல்லை. பம்புக்காக இன்வெர்ட்டரை மாற்றுங்கள் என்று சொல்ல மாட்டேன். அந்த பிளக் பாயிண்டை இன்வெர்ட்டர் லைனிலிருந்து பிரிக்கச் சொல்லி எலக்ட்ரீஷியனிடம் கொடுங்கள், அரை மணி நேர வேலை. கரண்ட் போனால் ஃபவுண்டனும் நிற்கட்டும், பேட்டரியாவது மிஞ்சும்.

அரசலாற்றங்கரை
செவ்வாய், இரவு 9:10

பிரித்தாயிற்று. நேற்று ராத்திரி இரண்டு தடவை கரண்ட் போய் வந்தது, அப்பா அசையவில்லை. ராத்திரி பத்து முதல் ஐந்து வரை அணைக்க ஒரு டைமரும் வாங்கிவிட்டேன். தூங்குகிறபோது தண்ணீர் ஓடவில்லையென்றால் தெரியவா போகிறது என்று அம்மாவும் இறங்கி வந்துவிட்டார்.

ஒரு சந்தேகம் மட்டும். கொசு வரக் கூடாது என்று நாலு கப்பி மீன் விடலாமா?

கடைமடை
செவ்வாய், இரவு 9:25

வெண்கலத்தில் வேண்டாம். செம்பு தண்ணீரில் கசியும், மீனுக்கு அது விஷம். நீங்கள் வாரம் ஒரு தடவை தண்ணீரை முழுக்கக் கொட்டி, உள்பக்கம் தேய்த்துவிட்டு மாற்றினால் போதும். டெங்கு கொசு முட்டையிலிருந்து பறக்கிற நிலைக்கு வர ஏறக்குறைய ஏழிலிருந்து பத்து நாள் ஆகும், அதற்குள் கொட்டிவிடுகிறோம். வியாழக்கிழமை மாற்றினால் வெள்ளிக்கிழமைப் பூவுக்கும் சரியாக இருக்கும்.

புது உறுப்பினர் 4
வியாழன், மதியம் 1:15

நடுவில் வருவதற்கு மன்னிக்கவும். மயிலாடுதுறை. எங்கள் சிமென்ட் ஃபவுண்டனில் சத்தம் வருகிறது, தண்ணீர் வரவில்லை. பம்பைத் தொட்டால் லேசாக நடுங்குகிறது. மூன்று மாதம் ஓட்டாமல் வைத்திருந்தோம்.

மோட்டார் மன்னை
வியாழன், மதியம் 1:40

முதலில் பிளக்கைப் பிடுங்குங்கள். கரண்ட் இருக்கும்போதா தொட்டுப் பார்த்தீர்கள்? இனி வேண்டாம். காந்தம் பொருக்கில் ஒட்டிக்கொண்டிருக்கும், அல்லது பீங்கான் கம்பி முறிந்திருக்கும். மேலே வியாழக்கிழமைப் பதிவுகளைப் படித்துவிட்டுத் திறந்து பாருங்கள்.

புது உறுப்பினர் 4
வியாழன், மாலை 6:30

திறந்தேன். கம்பி மூன்று துண்டு.

மோட்டார் மன்னை
வியாழன், மாலை 6:38

கம்பியும் இம்பெல்லரும் சேர்த்து செட்டாக மீன் தொட்டிக் கடையில் கிடைக்கும். பழையதைக் கையோடு எடுத்துக்கொண்டு போங்கள், அளவு ஒரு மில்லிமீட்டர் மாறினாலும் உட்காராது.